தேநீர் குடித்து ஓடிய டிரம்பாத்

என் அண்ணன் எலைஷா டிரம்பாத் வாழ்நாளில் ஒன்பது பெரிய ஓட்டங்கள் ஓடினான். நான்கில் முதலாவதாக வந்தான். இரண்டில் இரண்டாவது. ஒன்றில் அவனைப் பலகையில் கிடத்தித் தூக்கி வந்தார்கள். மீதி இரண்டைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை, காலில் கொப்புளம். இதையெல்லாம் நான் சொல்லாவிட்டால் வேறு யார் சொல்வார்கள்? அவனைக் கேட்டால், "ஓடினேன், வந்து சேந்தேன்" என்பான். அத்தோடு பேச்சு முடிந்துவிடும்.

அடிலெய்டுக்கு வடமேற்கே மூன்டா என்ற ஊரில் செம்புச் சுரங்கத்தில் துளையிடும் வேலை அவனுக்கு. அப்பாவும் அம்மாவும் போன பிறகு வீட்டில் நாங்கள் இருவர்தான். நான் தையல் வேலை செய்தேன். அவன் சுரங்கத்திலிருந்து வந்தால் குளிப்பான், சாப்பிடுவான், கார்னெட் ஊதுகொம்பை எடுத்துக்கொண்டு பேண்டுக்குப் போய்விடுவான். எங்கள் தேவாலய சபையின் பேண்டு அது. பேண்டு மாஸ்டர் யூரன்தான் வாரக்கூட்டத்துக்கும் தலைவர். குடிக்க மாட்டேன் என்று உறுதிமொழிப் புத்தகத்தில் கையெழுத்துப் போடாதவன் அந்தப் பேண்டில் ஒரு ஜால்ராகூடத் தட்ட முடியாது.

ஓட்டம் ஆரம்பித்ததும் அந்தப் பேண்டால்தான். ஒரு சனிக்கிழமை பக்கத்து ஊரான கடினாவில் பேண்டுப் போட்டி. அன்று சுரங்கத்தில் அண்ணன் பாறைக்கு வைத்த வெடிகளில் ஒன்று வெடிக்கவில்லை. வெடிக்காத வெடி இருந்தால் பொறுத்திருந்து பார்த்துவிட்டுத்தான் மேலே வரவேண்டும். அவன் வந்தபோது ரயில் போய்விட்டிருந்தது. முகத்தை மட்டும் கழுவிக்கொண்டு, கார்னெட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, சுரங்கத்துப் பூட்ஸோடு பத்து மைல் ஓடி வந்தான். மேடைக்குப் பின்னால் யூரன் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

"ரயிலுதான் போயிடுச்சே, எதுல வந்தே?"

"கால்ல."

"வாசிக்க மூச்சு இருக்கா?"

"இருக்குன்னுதான் நெனைக்கிறேன்."

தனி வாசிப்பை அவன் ஒரு பிசிறு இல்லாமல் வாசித்து முடித்தான். யூரன் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். "கெஸ்ஸி, உங்க அண்ணனுக்கு நுரையீரல் ரெண்டில்ல. இன்னும் ரெண்டை எங்கேயோ ஒளிச்சு வச்சிருக்கான்." போட்டியில் எங்களுக்கு இரண்டாம் பரிசு. அதற்குக் காரணம் டிரம் அடித்தவன், கார்னெட் அல்ல.

மாரத்தான் பைத்தியம் உலகத்தையே பிடித்து ஆட்டிய நேரம் அது. கசாப்புக்கடைக்காரர், பள்ளிக்கூட வாத்தியார் என்று ஆளாளுக்கு அரை டிரவுசரோடு சாலையில் ஓடினார்கள். யூரன் அண்ணனுக்குப் பயிற்சியாளர் ஆனார். அவருக்கு ஓட்டத்தைப் பற்றி ஒரு மண்ணும் தெரியாது. தெரிந்தது தாளம்தான். குதிரை வண்டியில் முன்னால் உட்கார்ந்து குச்சியை ஆட்டிக்கொண்டே போவார், இவன் அந்தத் தாளத்துக்குக் காலெடுத்து வைத்து ஓடுவான். பார்த்தவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். ஆனால் அந்தத் தாளம் அவன் காலில் ஏறிவிட்டது. ஏற்றமானாலும் மணலானாலும் அவன் அடி மாறாது.

முதல் பெரிய ஓட்டம் அடிலெய்டில், 1909 நவம்பரில். நல்ல வெயில். ஓடும்போது தண்ணீர் குடித்தால் வயிறு கனத்துவிடும் என்று அப்போதைய புத்தகங்கள் எல்லாம் சொல்லின. யூரனும் அதையே பிடித்துக்கொண்டார். மூன்றாவது இடத்தில் ஓடிக்கொண்டிருந்தவன் இருபத்திரண்டாம் மைலில் மடங்கி விழுந்தான். உதட்டோரம் உப்பு வெள்ளையாகப் படிந்திருந்தது. ஒரு டாக்டர் ஓடிவந்து வாயில் பிராந்தி ஊற்றப் பார்த்தார். அரை மயக்கத்திலும் அண்ணன் பல்லைக் கடித்துக்கொண்டான். இரண்டு பேர் தாடையைப் பிடித்தும் திறக்க முடியவில்லை. பிராந்தி முழுக்க அவன் பனியனில்தான் போயிற்று.

டாக்டர் என்னிடம் திரும்பினார். "நீ தங்கச்சியா? கேட்டுக்கோம்மா. இருபது மைலுக்கு மேல பிராந்தி இல்லாம மனுஷ ஒடம்பு ஓடாது. அடுத்த தடவை இப்படி விழுந்தான்னா நெஞ்சு நின்னுடும்."

அந்த வார்த்தை எனக்குள் ஆணி மாதிரி இறங்கிவிட்டது. அண்ணனைக் குத்தியது வேறு வார்த்தை. நகரத்துப் பத்திரிகை ஒன்றின் விளையாட்டு எழுத்தாளர், "மூன்டாவின் தேநீர்க் கெண்டி இருபத்திரண்டாம் மைலில் ஆறிப்போனது. உறுதிமொழியில் கையெழுத்துப் போட்டால் கைக்கு நல்லது, காலுக்கு அல்ல" என்று எழுதியிருந்தார். சாராயக்கடை ஒவ்வொன்றிலும் அதை வெட்டி ஒட்டி வைத்தார்கள். சுரங்க வாசலில் அண்ணனைப் பார்த்தாலே, "என்ன கெண்டி, அடுப்பு பத்த வச்சாச்சா?" என்று ஆரம்பித்துவிடுவார்கள். அவன் தன் வாழ்க்கையில் பத்திரிகைக்கு எழுதிய ஒரே கடிதம் அப்போது எழுதியது. இரண்டே வரி. "இருபத்தாறு மைலையும் தேநீர் மட்டும் குடித்து ஓடி முடிப்பேன். முடித்துக் காட்டும்வரை விடமாட்டேன்."

அடுத்த அக்டோபரில், எட்டு மணி நேர வேலை நாள் விடுமுறைக்கு, எங்கள் பக்கத்திலேயே ஓட்டம் வைத்தார்கள். மூன்டாவில் கிளம்பி, வாலரூ போய், கடினா சுற்றி, மறுபடி மூன்டா. எங்கள் மூன்று ஊரையும் ஒரு சுற்றுச் சுற்றினால் இருபத்தாறு மைல் வரும். எங்களுக்கென்றே அளந்து வைத்தது மாதிரி. ஒவ்வொரு ஓட்டக்காரனுக்கும் சைக்கிளில் ஒரு துணை உண்டு. அண்ணனுக்கு நான். பாவாடைக் கரை தெரிய ஒரு பெண் இருபத்தாறு மைல் சைக்கிள் மிதிப்பதா என்று சபையில் சிலர் முகம் சுளித்தார்கள். சுளிக்கட்டும் என்று விட்டுவிட்டேன். அவர்களுக்கெல்லாம் பாவாடை தைத்துக் கொடுப்பவளே நான்தான்.

அவன் விழுந்தது தாகத்தால்தான் என்று எனக்குத் தோன்றியிருந்தது. யூரனோடு ஒரு மாதம் மல்லுக்கட்டி, ஆறிய தேநீரில் சர்க்கரையும் ஒரு சிட்டிகை உப்பும் போட்டுக் கொடுக்கலாம் என்று சம்மதிக்க வைத்தேன். அத்தோடு நிறுத்தியிருக்க வேண்டும். நிறுத்தவில்லை. ராத்திரி படுத்தால் அந்த டாக்டரின் குரல். வாலரூவில் ஒரு மருந்துக்கடைக்குப் போய், வயிற்றுவலிக்கு என்று பிராந்தி வாங்கினேன். கடைக்காரர் ஒன்றும் கேட்கவில்லை. எங்கள் சபை ஆட்களில் பாதிப் பேருக்கு அந்த வயிற்றுவலி உண்டு என்பது அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. இரண்டு பாட்டில் தேநீர் எடுத்துவைத்தேன். முதல் பாட்டிலில் தேநீர் மட்டும். இரண்டாவதில் தேநீரோடு இரண்டு ஸ்பூன் பிராந்தி.

அன்றைக்கு அவனுக்குச் சரியான போட்டி டான் காட்டர். வாலரூ உருக்காலையில் உலைக்கு முன்னால் வேலை பார்க்கும் ஆள். ஐந்து மைலுக்கு ஒரு தடவை எல்லார் முன்னாலும் பிராந்தி குடித்துவிட்டு, மீசையைத் துடைத்துக்கொண்டு ஓடுவான். நல்ல மனுஷன்தான்.

"என்ன கெண்டி, கொதி வந்துச்சா?" என்றான் கிளம்பும்போது.

"இப்பதான் அடுப்புல ஏத்தியிருக்கு," என்றான் அண்ணன்.

வாலரூ வரை காட்டர் முன்னால். அங்கிருந்து கடினா போகும் வழியில் அண்ணன் அவனைத் தாண்டினான். முதல் பாட்டில் காலி. கடினா ஊருக்குள் நுழையும்போது பதினாறாவது மைல், இரண்டு நிமிடம் முன்னால் இருந்தான். அடி பிசகவில்லை. ஆனால் உதட்டோரத்தில் அந்த வெள்ளை உப்பு தெரிந்தது. அதைப் பார்த்ததும் என் புத்தி மழுங்கிவிட்டது. இரண்டாவது பாட்டிலை நீட்டினேன்.

ஒரு வாய் குடித்தான். விழுங்கினான். நின்றுவிட்டான்.

பாட்டிலைப் பார்த்தான். என்னைப் பார்த்தான்.  பாட்டிலை என் கையில் திருப்பிக் கொடுத்துவிட்டு, சாலையை விட்டு இறங்கி நடந்தான். நேராகப் பேண்டை நோக்கி.

எங்கள் பேண்டு கடினா முனையில் நின்று அவனுக்காக வாசித்துக்கொண்டிருந்தது. அவன் நடந்து வருவதைப் பார்த்து ஒவ்வொரு வாத்தியமாக நின்றது.

"என்னப்பா, கால் பிடிச்சுக்கிச்சா?" என்றார் யூரன்.

"இல்லீங்க. பிராந்தி ஒரு வாய் உள்ள போயிடுச்சு. புத்தகத்த எடுங்க, திரும்பக் கையெழுத்துப் போடணும்."

"யார் குடுத்தா?"

"குடிச்சது நான்தான்."

நான் சைக்கிளைப் பிடித்துக்கொண்டு பத்தடி தள்ளி நின்றேன். நான்தான் கொடுத்தேன் என்று என் வாயில் வரவில்லை. அந்த வெட்கம் இன்றைக்கும் எனக்கு உண்டு.

யூரன் தணிந்த குரலில், "வாரக்கூட்டத்துல பாத்துக்கலாம் தம்பி. நீ ஓடு," என்றார்.

"இப்ப நான் உறுதிமொழிய மீறினவன். மீதி பத்து மைலையும் மீறினவனாவே ஓடச் சொல்றீங்களா?"

யூரன் குச்சியைக் கீழே வைத்தார்.  உலகத்தில் வேறு யாரும் இந்தப் பைத்தியக்காரத்தனத்தைச் செய்திருக்க மாட்டார்கள். நாங்கள் செய்தோம். இசை நோட்டுப் பெட்டியில் எப்போதும் கூடவே வரும் உறுதிமொழிப் புத்தகத்தை எடுத்து, பெரிய டிரம்மைப் படுக்கவைத்து அதன் மேல் விரித்தார்கள். பேனா இல்லை. டிரம் அடிப்பவன் பென்சிலை நீட்டினான்.

"பென்சில் செல்லாது," என்றார் யூரன். "பென்சில அழிச்சிடலாம்."

மையும் பேனாவும் வாங்க ஒருவர் எதிர்க் கடைக்கு ஓடினார். அண்ணன் டிரம்முக்கு முன்னால் நின்ற இடத்திலேயே காலை மாற்றி மாற்றித் தூக்கி வைத்துக்கொண்டிருந்தான், சூடு ஆறாமல் இருக்க. அப்போதுதான் காட்டர் வந்தான். டிரம், புத்தகம், சுற்றிலும் பேண்டு உடையில் ஆட்கள். வேகத்தைக் குறைக்காமலே தொப்பியைத் தூக்கினான்.

"என்னப்பா, நடு ஓட்டத்துல கல்யாணமா? பொண்ணு எங்க?"

மை வந்தது. கையெழுத்து விழுந்தது. சாட்சிக் கையெழுத்து இரண்டு. யூரன் அதன்மேல் ஊதி ஊதிக் காயவைத்தார், அவர் பங்குக்கு. மொத்தம் ஐந்து நிமிடம் போயிற்று. பிறகு அண்ணன் இறங்கிய அதே இடத்துக்குத் திரும்ப வந்து, அங்கிருந்து ஓட ஆரம்பித்தான்.

நான் பின்னாலேயே போனேன். பாட்டிலைச் சாலையோரம் கவிழ்த்துக் கொட்டினேன். ஒரு சுரங்கக்காரர் வீட்டில் இறங்கி, மழைத் தொட்டியிலிருந்து ஒரு குவளை தண்ணீர் வாங்கிக்கொண்டு வந்து நீட்டினேன். அவன் வாங்கவில்லை. அரை மைல் தள்ளி முன்பின் தெரியாத ஒரு பெண் வாசலில் வாளியோடு நின்றாள். அவளிடம் வாங்கிக் குடித்தான். எனக்கு யாரோ கன்னத்தில் அறைந்தது மாதிரி இருந்தது. வாங்கிக்கொள்ள வேண்டிய அறைதான்.

ஆனால் அந்தப் பத்து மைலை அவன் ஓடிய விதம் இருக்கிறதே, அப்படி ஓர் ஓட்டத்தை நான் அதற்கு முன்பும் பார்த்ததில்லை, பின்பும் பார்த்ததில்லை. மூன்று நிமிடத்துக்கு மேல் பின்தங்கியிருந்தவன், ஒவ்வொரு மைலாக அதைத் தின்றுகொண்டே வந்தான். மூன்டா எல்லையில் காட்டரின் முதுகு தெரிந்தது. இன்னும் கால் மைல் சாலை நீண்டிருந்தால் போதும். நாற்பது அடி பின்னால் வந்து இரண்டாவதாக முடித்தான். அழுதுகொண்டே சைக்கிளை விட்டு இறங்கினேன். வெட்கத்தில் பாதி, பெருமையில் பாதி.

காட்டர் மூச்சிரைக்க வந்து அவன் கையைப் பிடித்தான். "அந்தக் கல்யாணம் மட்டும் இல்லேன்னா என்னைய எங்கயோ விட்டிருப்ப."

அங்கேயாவது அண்ணன் வாயை மூடியிருக்கலாம். அந்த விளையாட்டு எழுத்தாளர் நோட்டோடு வந்ததும், கேட்காமலே சொன்னான். "கடினாவுல ஒரு வாய் பிராந்தி குடிச்சேன். எழுதிக்குங்க." அவர் சந்தோஷமாக எழுதிக்கொண்டார். மறுநாள் பத்திரிகையில் வந்தது: "கெண்டி ஒருவழியாக ஓடி முடித்தது, உள்ளே இருந்தது தேநீர் அல்ல." ஒரு வருடம் பாடுபட்டு நிரூபிக்க வந்ததை, என்னால் அவன் தன் வாயாலேயே எதிராளிக்குத் தூக்கிக் கொடுக்கும்படி ஆயிற்று.

வீட்டில் சொன்னேன். "அண்ணே, நான்தான் ஊத்தினேன்."

"தெரியும் கெஸ்ஸு," என்றான்.  திட்டியிருந்தால் தேவலை.

அந்த வார வியாழக்கிழமை வாரக்கூட்டம். அவரவர் தங்கள் வாரம் எப்படிப் போயிற்று என்று எழுந்து சொல்லும் கூட்டம் அது. பொதுவாக நான் "கடவுள் கிருபையால் நல்லபடியாகப் போயிற்று" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிடுவேன். அன்றைக்கு எழுந்து, மருந்துக்கடை முதல் பாட்டில் வரை ஒன்று விடாமல் சொன்னேன். யூரனின் மூக்குக்கண்ணாடி மடியில் விழுந்தது. என்னை மூன்று மாதம் பாடகர் குழுவிலிருந்து தள்ளி வைத்தார்கள். வீட்டுக்குத் திரும்பும் வழியில் அண்ணன் சொன்னான், "மூணு மாசம் பாட்டு நொண்டும். கீழ்க்குரலு பாட வேற யாரு இருக்கா."

அடுத்த அக்டோபர், அதே ஓட்டம், அதே சுற்று. ஓட்டத்துக்கு ஒரு வாரம் இருக்கும்போது யூரன் வீட்டுக்கு வந்து, மேசையில் தொப்பியை வைத்தார்.

"பெரியவங்க எல்லாம் பேசி முடிவு பண்ணிட்டோம். இந்தத் தடவை சைக்கிள்ல என் மச்சான் வருவாரு. பாட்டில் என் வீட்லயே தயாராகும், பூட்டி வைப்பேன். கெஸ்ஸி, நீ மனசுல ஒண்ணும் வச்சுக்காத."

"வச்சுக்கலீங்க," என்றேன். அதுதான் நியாயம் என்றும் எனக்குப் பட்டது.

அண்ணன் இறைச்சி வைத்துச் சுட்ட பேஸ்டியின் கடைசித் துண்டைத் தின்று முடித்தான். "கெஸ்ஸு வந்தா நான் ஓடுறேன். வரலேன்னா உங்க மச்சான ஓடச் சொல்லுங்க."

"தம்பி, ஊரு என்ன பேசும்னு யோசிச்சியா? இந்தத் தடவையும் ஏதாவது ஆனா உன்ன யாரும் நம்ப மாட்டாங்க."

"ஊரு ஓடல. நான்தான் ஓடுறேன்."

யூரன் தொப்பியை எடுத்துக்கொண்டார். வாசலில் நின்று, "சரி. ஆனா குடிக்கிறதுக்கு முந்தி ஒவ்வொரு தடவையும் மோந்து பாத்துடு, அது போதும்," என்றார்.

ஓட்டத்தன்று விடியற்காலையில் தேநீர் போட்டேன். சர்க்கரை, உப்பு. போட்டுவிட்டு நானே இரண்டு பாட்டிலிலும் ஒரு வாய் குடித்துப் பார்த்தேன், என்னையே நம்பாமல். அவன் மோந்து பார்க்கட்டும், நின்று நிதானமாகப் பார்க்கட்டும் என்றுகூட வேண்டிக்கொண்டேன். அப்படிப் பார்த்தால் என் மனம் அமைதியாகும் போலிருந்தது.

காட்டர் இந்த முறையும் கூடவே ஓடினான், வாலரூ வரை தோளோடு தோள். அதன் பிறகு பின்தங்கினான். கடினா முனையில் பேண்டு வாசித்துக்கொண்டிருந்தது. யூரன் குச்சியை ஆட்டிக்கொண்டே கழுத்தை நீட்டி எங்களைப் பார்த்தார். போன வருடம் நடந்தது எல்லாருக்கும் தெரியும். அதே இடத்தில் சாலையின் இருபுறமும் கூட்டம் நெருக்கியடித்து நின்றது. நான் சைக்கிளை அவன் பக்கத்தில் கொண்டுபோய் இரண்டாவது பாட்டிலை நீட்டினேன். அண்ணன் என் முகத்தைக்கூடப் பார்க்கவில்லை. கையை மட்டும் நீட்டி வாங்கி, அடி மாறாமல், அண்ணாந்து கடகடவென்று முழுப் பாட்டிலையும் குடித்துவிட்டு என் கூடையில் போட்டான்.

கூட்டத்தில் யாரோ கைதட்ட ஆரம்பித்தார்கள். எனக்குச் சாலை சரியாகத் தெரியவில்லை, கண் நிறைந்துவிட்டது. எப்படி விழாமல் மிதித்தேன் என்று தெரியாது.

இரண்டு மணி ஐம்பத்திரண்டு நிமிடத்தில் மூன்டாவில் முடிவுக் கோட்டைத் தொட்டான். காட்டர் ஆறு நிமிடம் கழித்து வந்தான். சுரங்கத்துச் சங்கை ஊதினார்கள், விடுமுறை நாளில் அதை ஊதக்கூடாது என்று தெரிந்தும். அண்ணன் இடுப்பில் கை வைத்துக்கொண்டு நடந்துகொண்டிருந்தான். அந்த விளையாட்டு எழுத்தாளர் நோட்டைத் திறந்துகொண்டு கூட்டத்தை விலக்கி வந்தார்.

"மிஸ்டர் டிரம்பாத், இந்தத் தடவை எதக் குடிச்சு ஓடினீங்க?"

"என் தங்கச்சி குடுத்தத குடிச்சேன்."

"அதுல என்ன இருந்துச்சு?"

"அத நான் கேக்கல," என்றான் அண்ணன்.

அவர் என் பக்கம் திரும்பினார். தேநீர், சர்க்கரை, ஒரு சிட்டிகை உப்பு என்று சொன்னேன். அவரும் வேறெதுவும் கேட்காமல் எழுதிக்கொண்டார்.